டப்பாவில் மிஞ்சிய ஒரு நட்டு

போன வெள்ளிக்கிழமை காலையில் செம்பாக்கத்தில் நல்ல மழை. சைக்கிள் கடை ஷட்டரைப் பாதி தூக்கி வைத்துவிட்டு உள்ளே உட்கார்ந்திருந்தேன். செல்போன் அடித்தது. பார்த்தால் பாய் நம்பர். மழை வந்தால் பாயின் போனும் வரும் என்பது நாலு வருஷ வழக்கம். கூரை ஒழுகுதா, ஒயர் நனையுதா, மெயின் சுவிட்சை அணைச்சீங்களா என்று மூன்று கேள்வி கேட்டுவிட்டுத்தான் வைப்பார். நானும் வழக்கம்போல எடுத்தவுடனே ஆரம்பித்தேன்.

"நான் இன்னும் உயிரோடதான் கீறேன் பாய். நீ கீறியா, அத சொல்லு மொதல்ல."

 பேசியது பாய் இல்லை, அவர் மகன் ரியாஸ்.

"மாமா, அத்தா மௌத்தாயிட்டாங்க. காலைல ஷெட்லதான் இருந்தாங்க. நெஞ்ச அடைக்குதுன்னு உக்காந்தாங்க. அவ்ளோதான் மாமா."

நாற்பது வருஷமாகக் கடைக்கு வருகிறவனை எல்லாம் கிண்டல் செய்து பிழைத்தவன் நான். சொன்ன ஒரு வார்த்தையைத் திரும்ப வாயில் போட்டு விழுங்கிவிட முடியாதா என்று அன்றைக்குத்தான் முதல்முறை நினைத்தேன். போனை வைத்ததும் எழுந்து போய் மெயின் சுவிட்சை அணைத்தேன். அணைத்த பிறகுதான் அழுகை வந்தது.

மொய்தீன் பாயை உங்களில் பலருக்கு இரும்பு கேட், கிரில், மாடிப்படி செய்கிறவராகத் தெரியும். திருமுடிவாக்கம் இண்டஸ்ட்ரியல் எஸ்டேட்டில் கடைசித் தெருவில் தகர ஷெட். சட்டைப் பையில் சாக்பீஸ், இடுப்பில் டேப்பு, வாயில் 'தம்பி, ஒரு நிமிஷம்'. அந்த ஒரு நிமிஷம் எப்போதும் ஒரு மணி நேரமாகும். அதனால் நான் அவருக்கு வைத்த பெயர் 'ஒரு நிமிஷம் பாய்'. நாலு வருஷம் முன்னால் கேபிளில் வந்த 'கல்தீவு' போட்டியைப் பார்த்தவர்களுக்கும், என்னோடு அந்தப் பாறை மேல் காய்ந்த ஏழு பேருக்கும் அவரை வேறு மாதிரியும் தெரியும். ஆனால் அவருக்கும் எனக்கும் நடுவில் நடந்தது முழுவதும் உங்களுக்குத் தெரியாது. அதைச் சொல்லாமல் அவரை நல்லவர், வல்லவர் என்று எழுதினால், மேலே இருந்து அவரே 'ஒரு நிமிஷம்' என்பார்.

நம் ஏரியா கேபிள் சேனலை நடத்திய சேகரை நினைவிருக்கும். வெளிநாட்டு டிவியில் ஆட்களைத் தீவில் இறக்கிவிட்டு, பட்டினி போட்டு, அவர்களையே ஓட்டுப் போட்டு ஒருவரை ஒருவர் விரட்டச் சொல்கிற ஆட்டம் ஒன்றை அவன் பார்த்துவிட்டான். நாமும் செய்வோம் என்று கிளம்பினான். கடலுக்கும் தீவுக்கும் எங்கே போவது? திருமுடிவாக்கத்துக்கு அப்பால் வேலை நின்றுபோன கல்குவாரி ஒன்று இருந்தது. வெட்டின பள்ளம் முழுக்கத் தண்ணீர். வெட்டாமல் விட்ட பாறை ஒன்று நடுவில் நின்றது. அதுதான் தீவு. எட்டு பேர், பதினாறு நாள், ஒரு கீற்றுக் கொட்டாய், ஆளுக்கு தினம் ரெண்டு கைப்பிடி அரிசி. ஜெயிக்கிறவருக்கு ஒரு புது ஷேர் ஆட்டோ.

எனக்கு அப்போது அறுபத்து மூணு. ஆட்டோ எனக்கு எதற்கு? 'வூட்ல சும்மா உக்காருங்களேன்' என்று என் பசங்க சொன்ன வார்த்தைதான் என்னை அங்கே தள்ளியது. ஆறாம் வகுப்போடு நின்றவன் என்பதால் சேகரே என் விண்ணப்ப பாரத்தை நிரப்பினான். நோய் உண்டா, கண் தெரியுமா என்று கேட்டுக்கொண்டே வந்தவன், நீச்சல் தெரியுமா என்ற இடத்தில் சிரித்தான்.

"செம்பாக்கத்து ஆளாண்ட கேக்கற கேள்வியா இது?" என்று சொல்லிவிட்டு, 'தெரியும்' என்று அவனே எழுதிக்கொண்டான்.

நான் வாயைத் திறக்கவில்லை. செம்பாக்கம் ஏரிக்கரையில் பிறந்து வளர்ந்தவன் நான். எனக்கு நீச்சல் தெரியாது. சின்ன வயதில் ரெண்டு தடவை முங்கி, ரெண்டு தடவையும் தலைமுடியைப் பிடித்துத் தூக்கினார்கள். அதற்கப்புறம் முழங்காலுக்கு மேல் தண்ணீரில் இறங்கியதில்லை. இது அப்போது என் பொண்டாட்டிக்கு மட்டும்தான் தெரியும். ஊருக்குத் தெரிந்தால் என்ன ஆகும் என்று கேட்காதீர்கள். நான் கிண்டல் செய்யாத ஆள் அந்த ஊரில் கிடையாது. எல்லாரும் ஒரு நாளுக்காகக் காத்திருந்தார்கள்.

பாயை முதன்முதலில் பார்த்தது போட்டி தொடங்கிய அன்று. போட்டிக்கு வேண்டிய ஏணி, மேடை, பாலம் எல்லாம் அவர் வேலை. பாறையில் ஏற ஓர் இரும்பு ஏணி நிறுத்தியிருந்தார். எங்களை ஏறவிடவில்லை. முதலில் ரெண்டு மணல் மூட்டையை ஏற்றினார். இறக்கினார். பிறகு அவரே ஏறினார். ஒவ்வொரு படியிலும் நின்று குதித்துப் பார்த்தார்.

"பாய், மூட்டையே ஏறிட்ச்சி. அதுல பாதி வெயிட்டு இல்ல நீ. நீ ஏறி இன்னா புண்ணியம்?" என்றேன்.

அவர் சிரிக்கவில்லை. "மூட்டை பயப்படாதுண்ணா. நான் பயப்படுவேன். எங்க ஆடுதுன்னு பயப்படறவனுக்குத்தான் தெரியும்" என்றார்.

அன்றைக்கு அதை வைத்து நாள் முழுக்க அவரை ஓட்டினேன். 

முதல் ஓட்டெடுப்பில் நடந்த கூத்தை நீங்கள் டிவியில் பார்த்திருப்பீர்கள். எட்டு பேரில் ஏழு பேர் என் பெயரை எழுதினார்கள். விரோதமில்லை, மரியாதை. கோவிலம்பாக்கத்தில் ஸ்கூல் வேன் ஓட்டுகிற செல்வி என் கையைப் பிடித்துக்கொண்டு, "தப்பா நெனைக்காதீங்க தாத்தா, வயசானவரு, வூட்டுக்குப் போயி நல்லா சாப்ட்டு ரெஸ்ட் எடுங்க" என்றாள். சேகர் தலையில் கை வைத்துவிட்டான். தாத்தா பேச்சைக் கேட்கத்தான் ஜனங்க பாக்குது என்று சொல்லி, அந்த ஓட்டே செல்லாது என்று அறிவித்தான். அடுத்து வந்த ஓட்டுகளில் ஒருவரும் என் பெயரை எழுதவில்லை. ஒரு தடவை பெரியவர் மனதைப் புண்படுத்தியது போதும் என்று நினைத்தார்களாம். அக்கா மன்னிச்சிடுங்க, அண்ணா மன்னிச்சிடுங்க என்று மற்ற ஐந்து பேரை ஒவ்வொருவராக அனுப்பினார்கள். கடைசியில் செல்வி, பல்லாவரம் ஜிம் மாஸ்டர் டேவிட், நான், மூன்று பேர் மிஞ்சினோம். எந்த மரியாதை என்னை முதல் வாரமே வீட்டுக்கு அனுப்பப் பார்த்ததோ, அதே மரியாதை என்னைக் கடைசி நாள் வரை மாட்டி வைத்தது.

கடைசிப் போட்டி பாலம். பாறையிலிருந்து குவாரிக் கரை வரைக்கும் ரெண்டு கம்பி வடத்தை இழுத்துக் கட்டி, நடுவில் இரும்புச் சட்டங்களைக் கோத்திருந்தார்கள். முப்பத்தெட்டு சட்டம். சட்டத்துக்குச் சட்டம் ஒரு காலடி இடைவெளி. கைப்பிடி கிடையாது. கீழே ஐம்பது அடி ஆழம் என்றார்கள். பரிசலில் போகும்போது போட்டுக்கொண்ட மிதவை உடுப்பு இதற்குக் கிடையாது, கேமராவில் அசிங்கமாக இருக்கும், மூணு பேருக்கும்தான் நீச்சல் தெரியுமே என்று சேகர் சொல்லிவிட்டான். வேகமாகக் கடக்கிறவருக்கு ஆட்டோ.

அந்தப் பாலத்தைப் பாய் ரெண்டு நாள் கட்டினார்.  கொட்டாயில் உட்கார்ந்து ஒவ்வொரு சட்டமாகக் கரையிலிருந்து எங்களை நோக்கி வருவதையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

"தாத்தா இன்னா சைலண்ட்டா கீறாரு?" என்றான் டேவிட். அவனுக்கு நான் 'தெர்மாகோல் பாடி' என்று பெயர் வைத்திருந்தேன். பதினாலு நாளாகத் திருப்பிக் கொடுக்க வழி தேடிக்கொண்டிருந்தான்.

"அவருக்கு இன்னாடா, ஏரில பொறந்தவரு. வுழுந்தாலும் மீன் மாதிரி எந்திரிச்சி வருவாரு. நம்ம கதைதான் பேஜாரு" என்றாள் செல்வி.

நான் சிரித்தேன். அந்தச் சிரிப்பு எனக்கே கேட்கவில்லை. எங்கள் தெரு ரேஷன் கடை முக்கில் டிவி கொண்டுவந்து வைத்திருக்கிறார்கள் என்று சேகர் சொல்லியிருந்தான். ஏறினால் உயிர் போகும். ஏறமாட்டேன் என்றால் மிச்சம் இருக்கிற உயிரை வைத்துக்கொண்டு அந்த முக்கைக் கடக்க முடியாது. இதைத்தான் ரெண்டு ராத்திரியும் திருப்பித் திருப்பிப் போட்டுப் பார்த்தேன்.

இங்கே பாயின் டப்பாவைப் பற்றிச் சொல்ல வேண்டும். அவரிடம் ஒரு பழைய பால்பவுடர் டப்பா இருந்தது. எந்த வேலையானாலும் எத்தனை போல்ட்டோ அத்தனை நட்டை எண்ணி அதில் போட்டுக்கொண்டுதான் தொடங்குவார். வேலை முடியும்போது டப்பா காலியாக இருக்க வேண்டும். ஒரு நட்டு மிஞ்சினால் எங்கேயோ ஒரு போல்ட்டு நட்டு இல்லாமல் நிற்கிறது என்று அர்த்தம். அதைக் கண்டுபிடிக்கிற வரைக்கும் ஒரு ஈ எறும்பைக்கூட ஏறவிடமாட்டார். "டப்பா காலியானாத்தாண்ணா மனசு காலியாவும்" என்பார்.

கடைசி நாள் மத்தியானம் பாறைப் பக்கத்துச் சட்டங்களை முடுக்க பாய் பரிசலில் வந்தார். டப்பாவை என் பக்கத்தில் வைத்துவிட்டுத் தண்ணீர் குடிக்கப் போனார். நான் போட்டிருந்தது கடையில் போடுகிற அதே காக்கி நிக்கர். சைக்கிள் கடைக்காரன் நிக்கர் பையைத் துவைத்தாலும் அதன் மூலையில் ஒரு நட்டோ, சக்கரத்தில் போடுகிற நாலு பால்ரஸ் குண்டோ கிடக்கும். கை பையில் போயிற்று. ஒரு நட்டு அகப்பட்டது. ஒரு நட்டை எடுத்தால் ஒருத்தன் விழுவான். ஒரு நட்டைப் போட்டால் ஒருத்தன் தேடுவான், அவ்வளவுதானே என்று நினைத்தேன். சாயங்காலம் ஏழு மணிக்கு ஒளிபரப்பு. ஆறு மணிக்குள் கேசட் போய்ச் சேர வேண்டும். பாய் தேடி முடிப்பதற்குள் வெளிச்சம் போய்விடும். போட்டி நின்றுவிடும். என்னால் நின்றது என்று யாருக்கும் தெரியாது.

டப்பாவில் போட்டேன். டிங் என்றது. பாறைக்கே கேட்டுவிட்ட மாதிரி இருந்தது எனக்கு.

கடைசிச் சட்டத்தை முடுக்கிவிட்டு பாய் டப்பாவில் கை விட்டார். ஒரு நட்டு வந்தது. அவர் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தேன். அதை விரலில் வைத்து உருட்டினார். வெயிலில் தூக்கிப் பிடித்து உள்ளே சுற்றி ஓடும் மரையைப் பார்த்தார். பிறகு அதை டப்பாவிலேயே போட்டுவிட்டுக் கரைப் பக்கம் திரும்பினார்.

"சேகர் தம்பி, ஒரு நிமிஷம். ஒண்ணு மிஞ்சுது."

கரையிலிருந்து சேகர் கத்தினான். "பாய், ஆறுக்குள்ள கேசட்டு போவணும் பாய். ஒரு நட்டு கூட கீதுன்னா இன்னா இப்போ? கம்மியா இருந்தாத்தான பேஜாரு?"

"இங்க கூட இருந்தா அங்க எங்கியோ கம்மியா இருக்குன்னு அர்த்தம் தம்பி."

"இனிமே எந்த வேலைக்கும் உன்ன கூப்ட மாட்டேன் பாய், சொல்லிட்டேன்."

"கூப்பிடாத. இப்ப யாரையும் ஏத்தாத."

முழங்காலில் குனிந்து, கையில் ஸ்பேனரோடு முதல் சட்டத்தில் ஏறினார். சட்டத்துக்கு நாலு நட்டு. ஒவ்வொன்றிலும் ஸ்பேனரை மாட்டி இழுத்துப் பார்ப்பார். நாலும் சரி என்றால் சட்டத்தின் மேல் சாக்பீஸால் ஒரு கோடு. பிறகு அடுத்த சட்டம். நூற்றைம்பத்திரண்டு நட்டு. பாறை சுட்டது. நான் நினைத்தது ஒருத்தன் தேடுவான் என்று. அந்த ஒருத்தன் ஐம்பத்தெட்டு வயதில், கைப்பிடி இல்லாத பாலத்தில், முழங்காலால் தவழ்ந்து தேடுவான் என்று நினைக்கவில்லை. பாதி தூரம் போனபோது வடம் ஒரு பக்கமாக ஆடியது. பாயின் வலது கால் சட்டத்துக்கு நடுவே உள்ளே போய்த் தொங்கியது. செல்வி கண்ணை மூடிக்கொண்டாள்.

நான் எழுந்து நின்றேன். நட்டைப் போட்டது நான்தான் என்று சொல்ல வாயைத் திறந்தேன். நாற்பது வருஷம் ஓயாத வாயிலிருந்து, "வுட்டுடு பாய், வந்துடு பாய்" என்று மட்டும் வந்தது.

"ஒரு நிமிஷம்ணா" என்றார் பாய். காலை மேலே இழுத்துக்கொண்டு, விட்ட இடத்திலிருந்து மறுபடி தொடங்கினார்.

கரைவரைக்கும் போய்க் கடைசிச் சட்டத்தில் கோடு போட்டுவிட்டு, பரிசலில் பாறைக்கு வந்தார். செல்வியும் டேவிட்டும் கொட்டாயின் அந்தப் பக்கம் இருந்தார்கள். பாய் என் பக்கத்தில் உட்கார்ந்து டப்பாவை எங்கள் நடுவில் வைத்தார்.

"எல்லாம் டைட்டு. ஒண்ணும் கொறையில்ல" என்றார்.

"பாய், அந்த நட்டு..."

"சைக்கிள் நட்டுண்ணா. பின் சக்கரத்து ஆக்சில்ல போடறது. மரைய பாத்த ஒடனே தெரிஞ்சிது."

எனக்குத் தூக்கி வாரிப் போட்டது. "தெரிஞ்சிமா அம்மாந்தூரம் தவ்ந்துகினு போன?"

"இந்த ஒண்ணு நீங்க போட்டதுன்னு தெரியும். மத்ததெல்லாம் நான் சரியா போட்டேன்னு எனக்கு எப்படித் தெரியும்?" என்றார். ஸ்பேனரைத் துணியால் துடைத்தார். "பதினாறு நாளா என்ன கிண்டல் பண்ணீங்க. என் டப்பாவ ஒரு தடவ கூட தொட்டதில்ல. இன்னிக்கி தொட்டிருக்கீங்க. இன்னாண்ணா பயம்?"

என் பொண்டாட்டிக்கு அடுத்து, நீச்சல் தெரியாது என்று நான் முதலில் சொன்ன ஆள் பாய்தான். சொன்னேன். அவர் சிரிக்கவில்லை. அது எனக்குப் பெரிய ஆச்சரியம். அவர் இடத்தில் நான் இருந்திருந்தால் அந்தப் பாறையிலேயே உருண்டு சிரித்திருப்பேன்.

"நீங்க ஏறாதீங்க. பாலம் சரியில்லன்னு நான் சொல்லிடறேன். போட்டி நின்னுடும்" என்றார்.

"உன் வேல சரியில்லன்னு நீயே சொல்லுவியா?"

"சொல்றேன். அதுக்கு இன்னா."

நல்ல நாளிலேயே தன் வேலையைப் பற்றி ஒரு குறை சொன்னால் மூன்று நாள் தூங்காத மனுஷன். ஊரே பார்க்கிற டிவியில் அவர் கட்டிய பாலம் நிற்காது என்று அவரே சொல்வதாம். என் கிண்டல் பெயரைக் காப்பாற்ற அவர் தொழில் பெயரைக் கெடுத்துக்கொள்வதாம். அதற்கு மேல் ஒளிந்துகொள்ள எனக்கு இடம் இல்லை.

"வேணாம் பாய். நான் ஏறறேன்" என்றேன்.

 பாய் எழுந்து, பாலத்துக்கு இடுப்பு உயரத்தில் ரெண்டு பக்கமும் கயிறு கட்டத் தொடங்கினார். கைப்பிடி வந்தால் த்ரில் போய்விடும் என்று சேகர் கரையில் குதித்தான்.

"எனக்கு இருக்கற த்ரில்லு போதும் தம்பி" என்றார் பாய். யாருக்காகக் கட்டுகிறார் என்று ஒருவரிடமும் சொல்லவில்லை. மூன்று லாரி டியூபைக் காற்றடித்துப் பாலத்துக்குக் கீழே மிதக்கவிட்டார். ஒரு டியூபில் அவரே ஏறி உட்கார்ந்துகொண்டார்.

செல்வி போனாள். ஒன்றரை நிமிஷம். டேவிட் இரண்டு நிமிஷத்துக்குக் கொஞ்சம் மேலே. மூன்றாவது நான்.

முதல் அஞ்சாறு சட்டம் எப்படிப் போனேன் என்று தெரியாது. பாலம் நடுவை நோக்கிக் கீழே வளையத் தொடங்கும் இடம் வந்தது. தண்ணீர் கருப்பாகத் தெரிந்தது. கால் ரெண்டும் நின்றுவிட்டன. முன்னாலும் வரவில்லை, பின்னாலும் வரவில்லை. கரையில் எல்லாரும் சிரிப்பது கேட்டது. தாத்தா நடிக்கிறார் என்று நினைத்துவிட்டார்கள். உலகத்தில் யாரும் நம்பாத பயம் கிண்டல்காரனுடைய பயம்.

கீழே இருந்து பாய் குரல் கேட்டது. சத்தமாக இல்லை, எனக்கு மட்டும் கேட்கிற மாதிரி.

"அண்ணா, கீழ பாக்காதீங்க. அடுத்த சட்டத்துல சாக்பீஸ் கோடு இருக்கா?"

பார்த்தேன். "கீது."

"அப்ப நான் பாத்துட்டேன். கால வைங்க."

வைத்தேன்.

"அடுத்ததுல?"

"கீது பாய்."

"நான் பாத்துட்டேன். வைங்க."

முப்பத்தெட்டில் பாக்கி இருந்த சட்டம் அத்தனைக்கும் அவர் கேட்டார், அத்தனைக்கும் நான் பதில் சொன்னேன். பதினோரு நிமிஷம் ஆயிற்றாம். என் வாழ்க்கையில் ஒருவரைக் கிண்டல் செய்யாமல் நான் பேசிய நீளமான பேச்சு அதுதான்.

கரையில் கால் வைத்ததும் சேகர் கேமராவை என் மூஞ்சிக்கு நேராகக் கொண்டுவந்து, "தாத்தா, எப்படி இருந்திச்சி?" என்றான்.

"எனக்கு நீச்சல் தெரியாது" என்றேன். "நட்ட டப்பால போட்டதும் நான்தான். பாய் மேல தப்பு இல்ல. பாலம் கல்லு மாதிரி கீது."

 அப்போதுதான் கீழேயிருந்து பாய் கூப்பிட்டார். டியூபைக் கரைக்கு ஒட்டிக் கொண்டுவந்திருந்தார். அவர் பல்லெல்லாம் அடித்துக்கொண்டிருந்தது.

"அண்ணா, கைய குடுங்க. இறங்கத் தெரியல. எனக்கும் நீச்சல் தெரியாது."

"அப்ப நான் வுழுந்திருந்தா இன்னா பண்ணியிருப்ப பாய்?"

"அதத்தாண்ணா டியூப்ல உக்காந்து யோசிச்சிகினே இருந்தேன்."

ரெண்டு பேரும் அந்தக் கரையில் உட்கார்ந்து சிரித்த சிரிப்பை கேசட்டில் வெட்டிவிட்டார்கள். நேரம் போதவில்லையாம். நான் சொன்ன உண்மையை மட்டும் வெட்டவில்லை. எங்கள் தெருவில் ஒரு வருஷம் என்னைத் 'தரை மீன்' என்று கூப்பிட்டார்கள். டேவிட் பல்லாவரத்திலிருந்து வண்டி எடுத்துக்கொண்டு வந்து அப்படிக் கூப்பிட்டுவிட்டுப் போனான். நான் சாகவில்லை. செல்வி ஆட்டோவை வாங்கிக்கொண்டு முதல் சவாரியாக பாயையும் என்னையும் தாம்பரம் வரைக்கும் ஏற்றிப்போனாள். ஆட்டோ கிளம்பும் முன் பாய் இறங்கி நாலு சக்கர... இல்லை, மூணு சக்கர நட்டையும் தொட்டுப் பார்த்தார். "புது வண்டி பாய்" என்றாள் செல்வி. "புதுசுலதாம்மா யாரும் பாத்திருக்க மாட்டாங்க" என்றார்.

அதற்கு அடுத்த மழையில்தான் அவருடைய முதல் போன் வந்தது.

வெள்ளிக்கிழமை தொழுகைக்குப் பிறகு அவரை எடுத்துப்போனார்கள். நானும் கொஞ்ச தூரம் தோள் கொடுத்தேன். லேசாக இருந்தார். மூட்டையில் பாதி வெயிட்டு இல்லை என்று நான் சொன்னது உண்மைதான்.

மறுநாள் ரியாஸ் என்னை ஷெட்டுக்குக் கூப்பிட்டான். கோவிலம்பாக்கத்தில் ஒரு வீட்டுக்குச் செய்த மாடிப்படி பாதியில் நிற்கிறது, திங்கட்கிழமை கொண்டுபோக வேண்டும் என்றான். படிக்குப் பக்கத்தில் அதே பால்பவுடர் டப்பா. உள்ளே நாலு நட்டு. மேல் படியில் மூன்று போல்ட்டு நட்டு இல்லாமல் இருந்தன. மூன்றையும் முடுக்கினோம். நாலாவது போல்ட்டைக் காணவில்லை. ரியாஸ் குனிந்து, படுத்து, டார்ச் அடித்துத் தேடினான். தேடும்போது முகம் அப்படியே அவன் அப்பா முகம்.

"எப்பவுமே இப்படித்தான் மாமா" என்றான். "அத்தா எந்த வேலைய முடிச்சாலும் கடைசில ஒண்ணு மிஞ்சுதும்பாங்க. திரும்ப மொதல்லேர்ந்து எல்லாத்தையும் பாப்பாங்க. இத்தன வருஷம் தொழில் பண்ணிட்டு எண்ணத் தெரியலயான்னு அம்மா திட்டுவாங்க. நாலு வருஷமா இதே கததான்."

நான் டப்பாவிலிருந்து அந்த நட்டை எடுத்து வாசல் வெளிச்சத்துக்குக் கொண்டுபோனேன். மரையைப் பார்க்கவே வேண்டியதில்லை. நாற்பது வருஷம் கையில் உருண்ட சரக்கு. பின் சக்கரத்து ஆக்சில் நட்டு.

அன்றைக்குக் குவாரியில் அதை எனக்குத் திருப்பிக் கொடுக்கவில்லை என்பது அப்போதுதான் உறைத்தது. தூக்கியும் போடவில்லை. எந்த வேலையைத் தொடங்கினாலும், எண்ணின நட்டோடு அதையும் டப்பாவில் இருக்கவிட்டிருக்கிறார். வேலை முடியும்போது ஒன்று மிஞ்சும். மிஞ்சினால் முதலிலிருந்து பார்க்க வேண்டும். நான் பயத்தில் செய்த திருட்டுத்தனத்தை அவர் தொழில் முறையாக ஆக்கிக்கொண்டார். இந்தப் பக்கத்தில் எத்தனை வீட்டு மாடிப்படியும் பால்கனியும் அந்த ஒரு நட்டால் ரெண்டாம் தடவை பார்க்கப்பட்டன என்று எனக்குத் தெரியாது.

நட்டை டப்பாவிலேயே போட்டேன். டிங் என்றது.

"இது எங்க போடறது மாமா?" என்றான் ரியாஸ்.

"எங்கியும் போடறதுக்கு இல்லப்பா. மிஞ்சறதுக்குத்தான். சாக்பீஸ் எங்க கீது, எடு. கீழ் படிலேர்ந்து ஆரம்பிப்போம்."

டப்பாவையும் நட்டையும் நான் கேட்கவில்லை. அது அந்த ஷெட்டில் இருக்க வேண்டிய பொருள். அவரிடமிருந்து நான் எடுத்துக்கொண்டது அந்த மூன்று கேள்வி. இன்று காலையிலும் செம்பாக்கத்தில் மழை. ஷட்டரைப் பாதி தூக்கி வைத்துவிட்டு முதல் வேலையாக ரியாஸுக்குப் போன் போட்டேன். பாய் நம்பர்தான், அவன்தான் இப்போது வைத்திருக்கிறான்.

"ஷெட்டு கூரை ஒழுகுதா, வெல்டிங் ஒயரு நனையுதா, மெயின ஆஃப் பண்ணியா?"



"உயிரோடதான் கீறேன் மாமா" என்றான். "ஒரு நிமிஷம், மெயின பாத்துட்டு வந்துடறேன்."

நான் போனை வைக்காமல் காத்திருந்தேன்.